ஏரிக்கரைக்கு வந்த கலெக்டர்

ஷிப்ட் முடித்துக் கம்பெனி பஸ்ஸிலிருந்து இறங்கி நேரே இங்கு வந்திருக்கும் தம்பி தங்கைகளே,

லயோனல் பிளேஸ் என்ற வெள்ளைக்காரக் கலெக்டரைப் பற்றிப் பேச வந்திருக்கிறேன். 1763இல் ஆற்காட்டு நவாப் கிழக்கிந்தியக் கும்பினிக்குக் கொடுத்த ஜாகீர் நிலப்பகுதிதான் பின்னாளில் செங்கல்பட்டு ஜில்லா ஆனது. 1780இல் மைசூர் ஹைதர் அலியின் படை இங்கே புகுந்தது. காஞ்சிபுரத்துக்குப் பக்கத்தில் புள்ளலூரில் கும்பினிப் படை நொறுங்கியது. ஊர்கள் பாழாயின, குடிகள் ஓடிப்போனார்கள், பஞ்சம் வந்தது. உடைந்த ஏரிக்கரைகளைக் கட்ட ஆளில்லை.

1794இல் பிளேஸ் கலெக்டராக வந்தார். ஏரியில் தண்ணீர் நின்றால்தான் வரி வரும் என்று புரிந்துகொண்டு, சர்க்கார் பணத்தை மராமத்துக்குச் செலவழித்தார். வரிதான் அவருக்குக் குறி. அதை நான் மறைக்க மாட்டேன். வரி விஷயத்தில் இணங்க மறுத்த பூந்தமல்லிப் பக்கத்து மிராசுதாரர்களின் உரிமையையே பறித்தவர் அவர். அந்தக் கொடுமையும் அவர் கணக்கில்தான் சேரும்.

ஆனாலும், கச்சேரியில் உட்கார்ந்துகொண்டே சீமையை ஆண்டவர் அல்ல. மதுராந்தகத்தில் ஏரி காத்த ராமர் கதையை நீங்கள் கேட்டிருப்பீர்கள். 1798இல் ஒரு ராத்திரி கொட்டும் மழையில் கரை உடையப்போகிறது என்று ஓடிவந்தவர், வில்லோடு ராமலட்சுமணர் காவல் நிற்பதைக் கண்டார் என்கிறது ஐதீகம். அங்கே ராமர் கோயிலின் தாயார் சந்நிதியில் இன்றும் அவர் பெயர் கல்லில் இருக்கிறது. என் மனத்தில் நிற்பது, அந்த ராத்திரியில் கலெக்டர் ஏரிக்கரையில் இருந்தார் என்று நம் ஜனங்கள் நம்பினார்களே, அதுதான்!

1799இல் எழுதிய அறிக்கையில், களத்தில் நெல்லைப் பிரிக்குமுன் தச்சனுக்கும் கொல்லனுக்கும் வெட்டியானுக்கும் போகும் மேரைப் பங்கு வரை பதிந்துவைத்தார். ஊரைக் கேட்டுக் கேட்டு எழுதிய கணக்கு அது.

இப்போது நம் ஊருக்கு வருகிறேன். ஸ்ரீபெரும்புதூர் ஏரியும் பிள்ளைப்பாக்கம் ஏரியும் நிரம்பினால் உபரி நீர் செம்பரம்பாக்கம் போகிறது. அங்கிருந்து திறந்தால் அடையாறு. 2015 டிசம்பர் வெள்ளத்தில் சென்னை பட்டபாட்டை நாம் பார்த்தோம். இங்கே நாம் கார் தயாரிக்கிறோம், போன் தயாரிக்கிறோம். நாம் நிற்கும் ஷெட்டின் மழைநீர் எந்த வாய்க்காலில் இறங்குகிறது என்று நம்மில் எத்தனை பேருக்குத் தெரியும்?

ஞாயிற்றுக்கிழமை காலை ஆறு மணிக்குப் பிள்ளைப்பாக்கம் ஏரிக்கரையில் இருப்பேன். கலங்கலிலிருந்து தொடங்கி, வரத்துக்கால்வாய் எங்கே அடைபட்டிருக்கிறது என்று நடந்தே பார்க்கப்போகிறோம். ஊர்ப் பெரியவர்கள் இரண்டு பேர் வழி காட்டச் சம்மதித்திருக்கிறார்கள். வருகிறவர்கள் ஆளுக்கொரு நோட்டுப்புத்தகம் எடுத்துவாருங்கள்.