பாரதியின் வீட்டைக் கட்டியவர்
(தாமலில் நடைபெற்ற ஆசிரியர் கூட்டத்தில் ஆற்றிய உரை)



பாரதியார் விழா வந்தால் நம் பள்ளிகளில் ஞான ராஜசேகரன் இயக்கிய ‘பாரதி’ படத்தைத் திரையிடுகிறோம். பாரதியாக நடித்தவர் யார் என்று கேட்டால் சாயாஜி ஷிண்டே என்று பிள்ளைகள் சொல்லிவிடுவார்கள். அந்த வீடு, தெரு, முண்டாசு, கறுப்புக் கோட்டு ஆகியவற்றை உருவாக்கியவர் யார் என்று நாம் கேட்டதில்லை.

அவர் பி. கிருஷ்ணமூர்த்தி. பூம்புகாரில் பிறந்து, சென்னை அரசு கவின்கலைக் கல்லூரியில் ஓவியம் பயின்றவர். ஜி.வி. ஐயர் 1975இல் எடுத்த ‘ஹம்சகீதே’ என்ற கன்னடப் படத்தில் பணியாற்றினார். ‘மத்வாச்சார்யா’ படத்தின் கலை இயக்கத்துக்குத் தேசிய விருது பெற்றார். ‘ஒரு வடக்கன் வீரகதா’ என்ற மலையாளப் படத்துக்கும் ‘பாரதி’க்கும் கலை இயக்கம், ஆடை வடிவமைப்பு என இரண்டிரண்டு விருதுகள். ஆக மொத்தம் ஐந்து. 2020 டிசம்பரில் காலமானார்.

கலை இயக்குநருக்கு ஓவியம் மட்டும் போதாது. கதை நடக்கும் காலத்தில் எந்த விளக்கு எரிந்தது, கதவு எப்படி இருந்தது என்று தேட வேண்டும், அது வரலாறு. 10 மீட்டர் சுவரை 1:50 அளவில் வரைந்தால் தாளில் 20 செ.மீ. வரும், அது நம் விகிதப் பாடம். பிறகு தச்சர், வண்ணம் பூசுபவர், தையற்காரர் எல்லோரையும் ஒருங்கிணைத்து, கொடுத்த தொகைக்குள் வேலையை முடிக்க வேண்டும்.

இதை நான் ஏன் சொல்கிறேன்? முன்பு நான் பணியாற்றிய ஒரு பள்ளியில், எட்டாம் வகுப்பு மாணவன் ஒருவன் கணக்கு நோட்டில் ஏரி மதகை வரைந்திருந்தான். படிகளின் எண்ணிக்கைகூடச் சரியாக இருந்தது. “கணக்கு நோட்டுல என்னடா படம்?” என்று அந்தத் தாளைக் கிழித்துவிட்டேன். அவன் பத்தாம் வகுப்போடு நின்றுவிட்டான். சென்ற பொங்கலுக்கு முன், ஒரு வீட்டுக்குச் சுண்ணாம்பு அடித்துக்கொண்டிருந்தவன் என்னைப் பார்த்ததும் ஏணியிலிருந்து இறங்கி வந்து, “சார், நல்லா இருக்கீங்களா?” என்றான். எனக்குத்தான் பதில் சொல்ல வாய் வரவில்லை.

அன்று அந்தத் தாளை வைத்தே விகிதத்தை நடத்தியிருக்கலாம். இப்போது அப்படித்தான் நடத்துகிறேன். குழுக்களாகப் பிரிந்து, கயிறும் அளவுநாடாவும் கொண்டு வகுப்பறையை அளந்து, பழைய அட்டையில் 1:50 மாதிரி செய்கிறார்கள். வாய்பாடு சொல்லத் தயங்கும் பிள்ளைகள்கூட அன்று பிழையில்லாமல் வகுக்கிறார்கள்.

வரையும் கை உள்ள பிள்ளை உங்கள் வகுப்பிலும் இருக்கும். பிளஸ் டூ முடித்தால் சென்னையிலும் கும்பகோணத்திலும் அரசு கவின்கலைக் கல்லூரிகள் இருக்கின்றன. நமக்கு அருகிலேயே மாமல்லபுரத்தில் அரசு கட்டடக்கலை மற்றும் சிற்பக்கலைக் கல்லூரி இருக்கிறது. இதை அந்தப் பிள்ளையிடமும் பெற்றோரிடமும் பத்தாம் வகுப்பு முடிவதற்குள் சொல்லிவிடுங்கள். நான் சொல்லத் தவறியவன், நீங்கள் தவறக்கூடாது.