முடிச்சுப் போடும் கை

(லக்ஷ்மிபாய் நகரில் நடந்த சங்க மாதக் கூட்டத்தில் பேசியதன் சுருக்கம்)



வயர்கூடைக் கூலியைப் பற்றிப் பேசத்தான் இன்று கூடியிருக்கிறோம். அதற்கு முன் ஒரு அம்மையாரைப் பற்றிச் சொல்ல வேண்டியிருக்கிறது.

2015-ஆம் ஆண்டுத் தொடக்கத்தில், இந்தியா கேட் பக்கம் ஜெய்ப்பூர் ஹவுஸில் இருக்கிற தேசிய நவீனக் கலைக்கூடத்தில் மிருணாளினி முகர்ஜியின் சிற்பக் கண்காட்சி நடந்தது. இங்கிருந்து பஸ் பிடித்து நாங்கள் சிலர் போனோம். சிற்பம் என்றால் கல்லும் வெண்கலமும்தானே என்று நினைத்துப் போன எங்களுக்கு எதிரே, ஆளுயரத்துக்கு மேல் நின்றது சணல் கயிறு! சாயம் ஏற்றிய கயிறு. மடிப்பு மடிப்பாகத் தொங்குகிறது. அம்மனா, விரிந்த பூவா என்று பிரித்துச் சொல்ல முடியவில்லை. யட்சி, ருத்ரா, வனஸ்ரீ என்றெல்லாம் அவர் தம் சிற்பங்களுக்குப் பெயர் வைத்திருக்கிறார்.

கூட வந்த ஒரு அக்கா கிட்டப் போய் உற்றுப் பார்த்துவிட்டு, "இது நம்ம வயர்கூடை முடிச்சாட்டம்ல இருக்கு!" என்றார். காவலர் வந்து தள்ளி நிற்கச் சொன்னார்.

அக்கா சொன்னதில் பாதிக்கு மேல் சரி. மிருணாளினிக்குத் தறி கிடையாது. முன்கூட்டி வரைந்த படமும் கிடையாது. கையால் முடிச்சு, முடிச்சு மேல் முடிச்சு. ஒன்று முடிய மாதக்கணக்கில் ஆகும். 1970-களின் தொடக்கத்திலிருந்து இருபது ஆண்டுகளுக்கு மேல் கயிற்றோடுதான் இருந்தார். பிறகுதான் சுட்ட மண்ணுக்கும் வெண்கலத்துக்கும் போனார்.

அவர் 1949-இல் பம்பாயில் பிறந்தவர். தகப்பனார் வினோத் பிஹாரி முகர்ஜி பேர்பெற்ற ஓவியர், தாயார் லீலா சிற்பி. நம் வீட்டுப் பெண்களுக்கு அந்த வாய்ப்பு ஏது? இதை மறைத்துப் பேசக் கூடாது. பரோடாவில் அவருக்கு ஆசிரியராக வாய்த்தவர் கே.ஜி. சுப்ரமணியன், சென்னை பிரசிடென்ஸி கல்லூரியில் படித்தவர், 1942 போராட்டத்தில் சிறை சென்றவர், கைத்தறி வாரியத்திலும் வேலை பார்த்தவர். கலை உசத்தி, கைத்தொழில் மட்டம் என்ற பேச்சை ஏற்காதவர்.

ஆனால் ஊர் அப்படியா? கயிறு என்றதுமே "இது கைவேலைதானே" என்று ஒதுக்கியவர்கள் உண்டு. அவர் விடவில்லை. 1994-இல் இங்கிலாந்தில் ஆக்ஸ்போர்டில் அந்தக் கயிறு காட்சிக்கு நின்றது. டில்லிக் கண்காட்சி திறந்த சில நாட்களில், 2015 பிப்ரவரியில், அவர் காலமானார். 2019-இல் நியூயார்க்கின் மெட்ரோபாலிட்டன் அருங்காட்சியகமும் அவருக்குத் தனிக் கண்காட்சி வைத்தது.

இப்போது நம் கூடைக்கு வருவோம். வயர் கொடுத்துக் கூடை வாங்கிப் போகிற கடைக்காரர், "வீட்டில் சும்மா இருக்கும் நேரத்தில் போடுவதுதானே" என்கிறார். சும்மாவா? பிள்ளையைத் தூங்க வைத்து, விளக்கடியில் உட்கார்ந்து, விரல் வெடிக்கப் போடுகிறார்கள். ஒரு கூடைக்கு எத்தனை மணி நேரம் என்று கேட்டால் நம்மிடமே கணக்கு இல்லை. கணக்கில்லாமல் கூலி கேட்டால் எவன் கொடுப்பான்?

ஆகவே, அடுத்த ஞாயிறு வரை ஒவ்வொரு கூடைக்கும் தொடங்கிய நேரம், முடித்த நேரம் இரண்டையும் நோட்டில் எழுதி வையுங்கள். எழுதத் தெரியாத அம்மாக்களுக்குப் பள்ளிக்கூடம் போகும் பிள்ளைகள் எழுதிக் கொடுக்கட்டும். கடைக்காரரிடம் அந்த நோட்டோடு போவோம்.