அடித்தால் உண்மை வருமா?

(முன்னாள் மாணவர் சந்திப்பில் ஆற்றிய உரை)

ரிடையர்டு போலீஸ்காரன் மைக் பிடித்தால் திருடனைப் பிடித்த கதைதான் வரும் என்று நினைத்திருப்பீர்கள். இது திருடனே இல்லாத கதை.

நான் சப்-இன்ஸ்பெக்டராகச் சேர்ந்த புதிது. ஊர் பெயர் வேண்டாம். ஒரு வீட்டில் ஏழு பவுன் சங்கிலியைக் காணோம். அங்கே வேலை பார்த்த பையனைக் கூட்டிவந்தோம். ஏட்டு, "ஐயா, நீங்க டீ சாப்பிட்டுட்டு வாங்க, நான் கேட்டு வைக்கிறேன்" என்றார். போனேன். வருவதற்குள் பையன் ஒப்புக்கொண்டிருந்தான். கிணற்றில் போட்டேன் என்றான், இறைத்தோம், இல்லை. தோப்பில் புதைத்தேன் என்றான், தோண்டினோம், இல்லை. அடி நிற்க வேண்டுமே, வாய்க்கு வந்த இடத்தையெல்லாம் சொன்னான். நாலாம் நாள் அந்த வீட்டுப் பாட்டியின் அரிசிப் பானையில் சங்கிலி கிடைத்தது. அதற்குள் பையனுக்கு ஒரு காது போய்விட்டது. நான் கை வைக்கவில்லை, டீ குடிக்கத்தான் போனேன் என்று பல வருஷம் எனக்கு நானே சொல்லிக்கொண்டேன்.

இது புது வியாதி அல்ல. சென்னை மாகாணச் சித்திரவதைக் கமிஷன் 1855-ல் கொடுத்த அறிக்கையில் விரலை நசுக்கும் கிட்டியும், உடம்பை வளைத்துக் கட்டும் அண்ணாந்தாளும் வருகின்றன. வரி வசூலுக்கும் அதே கிட்டிதான்! போலீசிடம் கொடுத்த வாக்குமூலம் கோர்ட்டில் செல்லாது என்றது 1872 சாட்சியச் சட்டம். ஆனால், அதனால் ஒரு பொருள் கண்டுபிடிக்கப்பட்டால் அந்தப் பகுதி மட்டும் செல்லும் என்று 27-வது பிரிவில் ஒரு ஜன்னலையும் வைத்தது. 2024 ஜூலையில் நடைமுறைக்கு வந்த புதுச் சட்டத்திலும் அந்த ஜன்னல் இருக்கிறது. லாக்கப்பில் கை ஓங்குவது பெரும்பாலும் அதற்காகத்தான் என்பது என் கட்சி.

1996-ல் டி.கே.பாசு வழக்கில் சுப்ரீம் கோர்ட் கைது விதிகளை வகுத்தது. சாத்தான்குளத்தில் 2020-ல் தகப்பனும் மகனும் செத்தார்கள். அந்த ஸ்டேஷனில் காமிரா இருந்தது. பதிவு தினமும் தானே அழியும்படி வைத்திருந்ததாக விசாரிக்கப் போன மாஜிஸ்திரேட் ஹைகோர்ட்டுக்கு எழுதினார்.

குண்டு வைத்தவனையாவது அடிக்கலாமா சார் என்று காலையில் ஒரு மாணவர் கேட்டார். தம்பி, வைத்தது அவன்தான் என்று உனக்கு எப்படித் தெரியும்? அந்தப் பையன் விஷயத்திலும் எங்களுக்கு அதே நிச்சயம் இருந்தது.

அவர் இப்போது பழக்கடை வைத்திருக்கிறார். போன வருஷம் தேடிப் போய், மன்னிப்பு என்று ஆரம்பித்தேன். "சார், அந்தப் பக்கம் கேக்காது. இப்படி வந்து சொல்லுங்க" என்றார்.