கொடுங்கோலைத் தடுப்பவர் யார்?



அரசன் கோல் கோடினால் குடிகள் என்செய்வது என்னும் வினா மிகப் பழையது. அதனை அடுத்து எழும் வினாவோ அதனினும் கடியது. தடுக்கலாம் என்றே வைத்துக்கொள்வோம், தடுப்பவர் யார்? தெருவிற் செல்லும் எவனும் வாளெடுக்கலாமா? நகராள்வார் மட்டும் எடுக்கலாமா? நாட்டவை கூடித்தான் எடுக்க வேண்டுமா? பதினாறாம் நூற்றாண்டில் ஐரோப்பாவின் சீர்திருத்தக் கிறித்தவர், அஃதாவது புராட்டசுட்டண்டார், ஏறத்தாழ ஐம்பதாண்டுக் காலம் இவ்வினாவோடு போராடினர். அவர்களுட் பலர் நாடு கடந்து ஓடியவர். சிலர் தம் சுற்றத்தையும் தோழரையும் வாளுக்கு இரையாகக் கொடுத்தவர்.

அவர்கள் முன் நின்ற முதல் தடை அவர்கள் போற்றிய திருநூலே. உரோமையர்க்குப் பவுலடியார் விடுத்த திருமுகத்தின் 13ஆம் பிரிவு, ஆளும் அதிகாரம் அனைத்தும் இறைவனால் அமைந்தது என்றும், அதனை எதிர்ப்பவன் இறைவன் அமைப்பையே எதிர்க்கிறான் என்றும் கூறுகிறது. மார்ட்டின் லூத்தர் தொடக்கத்தில் இதனை அப்படியே ஏற்றார். 1523இல் உலகியல் ஆட்சி பற்றி எழுதிய நூலில், தீய கட்டளைக்குப் பணியாதே, ஆயின் வாளெடாதே, துன்பத்தைத் தாங்கு என்பதே அவர் அறிவுரை. 1525இல் செருமானிய உழவர் கிளர்ந்தெழுந்தபோது அவர் கோமக்கள் பக்கமே நின்று கடுஞ்சொற்களால் எழுதினார். அவ்வெழுத்தின் கறை அவர் பெயரை விட்டு இன்றளவும் நீங்கவில்லை. ஆனால் 1530இல், பேரரசரே படைகொண்டு வருவார் என்னும் அச்சம் எழுந்தபோது, தோர்காவு நகரிற் கூடிய சட்ட வல்லுநர், முறைகேடான வன்செயலைத் தடுக்கப் பேரரசின் சட்டமே இடந்தருகிறது என்று எடுத்துக்காட்டினர். சட்டம் அங்ஙனம் கூறுமாயின் தாம் மறுப்பதற்கில்லை என்று லூத்தர் இசைந்தார். உழவர்க்கு மூடிய கதவு கோமக்களுக்குத் திறந்தது. இதனை நினைவிற் கொள்க. இவ்வரலாறு முழுவதும் இக்கதவு இப்படியேதான் திறக்கும்.

1547இல் ஐந்தாம் சார்லசுப் பேரரசர் சீர்திருத்தக் கோமக்களைப் போரில் வென்றார். மறு ஆண்டு தம் சமய ஏற்பாட்டைச் செருமனியெங்கும் திணித்தார். பணிய மறுத்தவற்றுள் தலையாயது மாக்டிபர்கு நகர். அந்நகரின் ஆயர்கள் 1550 ஏப்பிரல் 13இல் ஓர் அறிக்கை வெளியிட்டனர். மேலாள்வோன் ஆட்சியை எவ்விறைவனிடமிருந்து பெற்றானோ, கீழாள்வோனும் அவனிடமிருந்தே பெற்றான். ஆகவே மேலோன் அழிப்பவனாக மாறும்போது தன் கீழுள்ளோரைக் காப்பது கீழோனின் கடன் என்பது அதன் சாரம். பவுலடியார் சொல்லையே திருப்பிப் பிடித்துக் கேடயமாக்கிய திறம் இது. சிறு குற்றங்களுக்கெல்லாம் வாளெடுக்க அவர்கள் இடங்கொடுக்கவில்லை. அரசனின் தீங்குகளை நான்கு படிகளாகப் பகுத்து, பொறுக்கத்தக்கவற்றைப் பொறுக்கவே சொன்னார்கள். அவ்வாண்டே நகர் முற்றுகையிடப்பட்டது. 1551 நவம்பரில் முற்றுகை முடிந்தபோது நகர் பணிந்தது. ஆனால் தன் சமயத்தை இழக்கவில்லை.

செனீவாவில் இருந்த கால்வின் மிகுந்த எச்சரிக்கையர். தனி மாந்தன் பணியவும் துன்புறவுமே கடமைப்பட்டவன் என்றார். ஆயினும் தம் பெருநூலின் இறுதியில், பழைய இசுபார்த்தாவில் மன்னரைக் கண்காணித்த எபோர்களையும், உரோமையின் மக்கட் காவலரையும் சுட்டி, அத்தகையோர் எங்கேனும் இருப்பின் அரசனின் வெறியைத் தடுப்பது அவர் கடமை. தடாதிருப்பது இரண்டகம் என்று எழுதிவைத்தார். சில வரிகளே அவை. பின்வந்தோர்க்கு அவையே போதுமானவையாயின.

இங்கிலாந்தில் மேரி அரசியின் கொடுமைக்கு அஞ்சி வெளியேறிய போனெட்டு 1556இலும், குட்மன் 1558இலும் இன்னும் துணிந்து எழுதினர். அதே 1558இல் இசுகாட்லாந்தரான யான் நாக்சு, பெண்ணாள்வதே இயற்கைக்கு மாறு என்று ஒரு நூல் விடுத்தார். சில திங்களில் மேரி மறைய, சீர்திருத்தச் சமயத்தவரான எலிசபெத்து அரியணை ஏறினார். நாக்சு தம் நாட்டு வழியாகச் செல்வதற்குக்கூட அவர் இசையவில்லை! கொடுங்கோன்மையைத் தாக்கவேண்டிய எழுதுகோல் பெண்மையைத் தாக்கியதன் பயன் அது.

இனி 1572க்கு வருவோம். பிரெஞ்சு நாட்டின் சீர்திருத்தச் சமயத்தாரை இயூகநாட்டார் என்பர். அவர்தம் இளந்தலைவன் நவார் நாட்டு என்றிக்கும் பிரெஞ்சு மன்னனின் தங்கைக்கும் ஆகத்து 18இல் பாரிசில் திருமணம். மணவிழாவுக்கு இயூகநாட்டுப் பெருமக்கள் திரண்டிருந்தனர். 22இல் அவர்தம் படைத்தலைவர் கொலினி சுடப்பட்டுக் காயமுற்றார். 24ஆம் நாள் விடியுமுன் அவரும், அவரைச் சூழ்ந்தோரும், பின் தெருத்தெருவாக எண்ணற்றோரும் வெட்டி வீழ்த்தப்பட்டனர். ஓர்லியன், லியோன், உரூவான், போர்தோ எனக் கொலை ஊரூராகப் பரவிச் சில கிழமைகள் நீடித்தது. கொலினியைக் கொன்றது தம் ஆணைப்படியே என்று ஒன்பதாம் சார்லசு மன்னர் பாரிசு அறமன்றின் முன் ஏற்றுக்கொண்டார்.

அதுவரை, மன்னர் நல்லவர், அமைச்சரே தீயவர் என்று சொல்லிவந்த இயூகநாட்டார்க்கு அச்சொல் இனி உதவவில்லை. பூர்சு நகரில் சட்டம் பயிற்றிய ஓத்துமான் செனீவாவுக்குத் தப்பிச் சென்று, 1573இல் பிராங்கோகாலியா என்னும் நூலை வெளியிட்டார். பண்டைப் பிராங்கு மன்னர் மக்களவையால் தேர்ந்தெடுக்கப்பட்டோர். ஆக்கிய அவைக்கு நீக்கவும் உரிமையுண்டு என்பது அவர் வழக்கு. அவர்காட்டும் பழஞ்சான்றுகளை வரலாற்றறிஞர் முழுதும் ஒப்பார். ஆயின் அந்நூல் மூட்டிய தீ மெய்யானது. கால்வினுக்குப் பின் தலைமை ஏற்ற பேசா, 1574இல் ஆட்சியர் உரிமை பற்றிய நூலைத் தம் பெயரின்றி வெளியிட்டார். அதனை அச்சிடச் செனீவா நகரவையே இசையவில்லை. மாக்டிபர்கார் 1550இல் வெளியிட்டது என்று நூல்முகப்பில் பொறித்தனர். பொய்முகவரிதான், எனினும் கருத்தின் பிறந்தகம் எது என்பதை அது மெய்யாகவே காட்டியது.

இவையனைத்தினும் சிறந்தது 1579இல் இலத்தீனில் வந்த, கொடுங்கோலர்க்கு எதிரான உரிமைமீட்பு என்று பொருள்படும் நூல். உரோமை மன்னரை விரட்டிய புரூட்டசின் பெயரில் ஆசிரியர் மறைந்துகொண்டார். பிலிப்பு தி மோர்னே என்பர் சிலர், இலாங்கே என்பர் சிலர். இந்நூல் இரண்டு உடன்படிக்கைகளைக் காண்கிறது. ஒன்று இறைவனுக்கும், அரசனும் மக்களுமாகிய இருவர்க்கும் இடையே. மற்றொன்று அரசனுக்கும் மக்களுக்கும் இடையே. இரண்டாவதில் மக்கள் கேட்கின்றனர். அரசன் உறுதி சொல்கிறான். அவன் முறைசெய்வேன் என்று கட்டின்றி உறுதிகூற, மக்கள், முறைசெய்யுங்கால் பணிவோம் என்று கட்டுறுத்தி உறுதிகூறுகின்றனர். அரசன் மக்களுள் ஒவ்வொருவனுக்கும் பெரியவன். மக்கள் அனைவர்க்கும் சிறியவன். கப்பலை ஓட்டுபவன் அவன்; கப்பல் மக்களுடையது. நாபோத்தின் கொடிமுந்திரித் தோட்டத்தை ஆகாபு மன்னன் விரும்பினான். விற்கமாட்டேன் என்று ஒரு குடிமகன் சொல்ல, மன்னன் முகம் வாடிப் படுத்துக்கொண்டான் என்கிறது விவிலியம். குடிகளின் உடைமை மன்னனுடையது ஆயின், அவன் ஏன் வாடவேண்டும்? இப்படி எளிய கதையிலிருந்து வலிய கொள்கையை உருவி எடுப்பது இந்நூலின் பாங்கு.

கொடுங்கோலரை இந்நூல் இருவகைப்படுத்துகிறது. உரிமையின்றி அரியணை கவர்ந்தோன் ஒருவன். உரிமையோடு ஏறிப் பின் முறைதிறம்பியவன் மற்றொருவன். கொடுங்கோல் என்னும் நம் சொல் வளைந்த கோல் என்றே பொருள்படுவதால், அது பின்னவனுக்கே நன்கு பொருந்தும். முன்னவனைக் கோல்கவர்ந்தான் எனலாம். கவர்ந்தோனை எவனும் எதிர்க்கலாம். வளைத்தோனையோ, பெருமக்களும் நகராள்வாரும் நாட்டவையாருமே எதிர்க்கலாம். தனி மாந்தன்? அவனுக்கு வாள் கொடுக்கப்படவில்லை. ஊராள்வோர் எழாவிட்டால் அவன் ஊரைவிட்டு அகலலாம், அவ்வளவே.

நூலின் வலுவும் குறையும் இங்கேயே உள்ளன. வரம்பற்ற வெறியாட்டுக்கு இடங்கொடாமை வலு. ஆனால் மக்கள், மக்கள் என்று பக்கந்தோறும் முழங்கியபின், அம்மக்களுக்காகப் பேசுவோர் யாரெனத் தேடினால் கோமகனும் நகரத்தலைவனுமே எதிர்ப்படுகின்றனர். 1525இன் உழவன் இங்கும் வாயிலுக்கு வெளியேதான் நிற்கிறான்.

கொள்கை செயலானது நெதர்லாந்தில். 1581 சூலை 26இல் அந்நாட்டவைகள், இசுபானிய மன்னர் இரண்டாம் பிலிப்பை இனித் தம் தலைவராக ஏற்பதில்லை என்று அறிவித்தன. குடிகள் அரசனுக்காகப் படைக்கப்பட்டவரல்லர், அரசனே குடிகளுக்காக என்பது அவ்வறிக்கையின் அடிப்படை.

பிரெஞ்சு நாட்டிலோ நகைப்புக்குரிய திருப்பம் நேர்ந்தது. 1584இல் மன்னரின் தம்பி இறக்க, நவார் என்றியே அடுத்த அரசுரிமையர் ஆனார். உடனே இயூகநாட்டார் மன்னரின் உரிமையைப் போற்றத் தொடங்கினர். அவர்களைக் கொன்ற கத்தோலிக்கக் கூட்டணியார், மன்னனை மக்கள் நீக்கலாம் என்று முழங்கினர். படைக்கலன் கைமாறியது. 1589 ஆகத்தில் ஒரு துறவியின் கத்தியால் மூன்றாம் என்றி மன்னர் மாண்டார். ஒரு கொள்கை, அதனைச் சொன்னவர் விட்டுவிட்டபின் பொய்யாகிவிடுமா? ஆகாது. ஆனால் அதனைத் தம் ஆக்கத்துக்காக மட்டும் எடுத்தோர் யார் என்பது வெளிப்பட்டுவிடும்.

விட்டுவிடாதவர் ஒருவர் இருந்தார். இசுகாட்லாந்தர் மேரி அரசியை 1567இல் முடிதுறக்கச் செய்து, கைக்குழந்தையான ஆறாம் சேம்சை அரசராக்கினர். அக்குழந்தைக்கு ஆசிரியராக அமர்ந்தவர் பெரும்புலவர் சார்சு புக்கானன். அவர் 1579இல் அரசுரிமை பற்றிய உரையாடல் நூலொன்றை வெளியிட்டு, தம் மாணவனாகிய மன்னனுக்கே படைத்தார். அதில், அரசன் சட்டத்துக்குக் கீழ்ப்பட்டவன் என்றார். கொடுங்கோலனை எதிர்க்கும் உரிமை மக்கள் முழுமைக்கும், ஏன், தனி ஒருவனுக்கும் உண்டு என்றார். மூடியிருந்த கதவை முற்றத் திறந்தவர் இவரே. 1582இல் அவர் மறைந்தார். இரண்டே ஆண்டில் இசுகாட்லாந்து நாடாளுமன்றம் அந்நூலைக் கண்டித்துப் படிகளை ஒப்படைக்க ஆணையிட்டது. மாணவரோ 1598இல், அரசன் இறைவனுக்கு மட்டுமே விடைசொல்லக் கடவன் என்று தாமே ஒரு நூல் எழுதினார். அவர் மகன் முதலாம் சார்லசு 1649 சனவரி 30இல் இலண்டனில் மக்கள் முன் தலைவெட்டுண்டார்.

1683 சூலை 21இல் ஆக்சுபோர்டு பல்கலைக்கழகம் கேடு பயக்கும் நூல்கள் என ஒரு பட்டியலிட்டு அவற்றைத் தீயிலிடச் செய்தது. புக்கானன் நூலும் புரூட்டசு நூலும் அதில் இருந்தன. ஆறாண்டு கழிந்தது, இரண்டாம் சேம்சு மன்னர் நாட்டைவிட்டு ஓடியபின், 1689இல், எரிக்கப்பட்ட அப்புரூட்டசு நூலின் ஆங்கில மொழிபெயர்ப்பு இலண்டனில் மீண்டும் அச்சேறியது.