மராத்திப் படங்களும் நாமும்

(சங்க ஆண்டு விழாவில் நிகழ்த்திய சொற்பொழிவு)



மராட்டிய மண்ணில் நாம் குடியேறிப் பல்லாண்டுகள் ஆகின்றன. பால்காரரிடமும் காய்கறி விற்பவரிடமும் பேசுமளவு அவர்தம் மொழி நமக்கு வந்திருக்கிறது. தமிழ்ப் படமெனில் ரயில் மாறியேனும் சென்று பார்க்கிறோம்; அடுத்த தெருக் கொட்டகையில் ஓடும் மராத்திப் படம் நம் கண்ணில் படுவதில்லை. ஆகவே அவற்றுள் இரண்டொன்றைப் பற்றிச் சொல்ல விழைகிறோம்.

முதலாவது, பிரபாத் கம்பெனியார் 1936-இல் வெளியிட்ட ‘சந்த் துக்காராம்’. தாம்லே, பத்தேலால் இருவரும் டைரக்ட் செய்த இப்படம் மறு ஆண்டு வெனிஸ் திரைப்பட விழாவில் பாராட்டப் பெற்றது. துக்காராமாக நடித்த விஷ்ணுபந்த் பாக்னீஸ், முன்னர் நாடக மேடையில் பெண் வேடம் தரித்தவர். ஆயினும் நம் நெஞ்சில் நிற்பவர், மனைவியாக வரும் கௌரி அம்மையாரே. கணவர் பாண்டுரங்கனைப் பாடிக் கொண்டிருக்கிறார். அடுப்பு எரிய வேண்டாமா? பிள்ளைக்கு நோய் கண்டால் யார் பார்ப்பது? பொறுக்க மாட்டாமல் கோயிலுக்கே சென்று ஆண்டவனை ஏசுகிறார் அந்த அம்மையார். பக்திப் படங்கள் பக்தரின் பக்கமே பேசும். இதுவோ பசித்த வீட்டின் பக்கமும் பேசுகிறது. துக்காராம் வைகுண்டம் செல்லும்போதும் அவர் உடன் செல்வதில்லை. இக்கதை 1938-இல் தமிழிலும் படமாயிற்று. முசிரி சுப்பிரமணிய ஐயர் துக்காராமாக நடித்தார்.

இரண்டாவது ‘சியாம்சி ஆயி’; ‘சியாமின் தாய்’ என்பது பொருள். ஆசார்ய அத்ரே 1953-இல் எடுத்தார். மறு ஆண்டு குடியரசுத் தலைவரின் தங்கப் பதக்கம் முதன்முதலாக வழங்கப் பெற்றபோது, அதைப் பெற்ற கதைப் படம் இதுவே. கொங்கணத்துச் சிற்றூரில் நொடித்துப் போன ஒரு குடும்பம். வறுமையிலும் மானம் குன்றாமல் மகனை வளர்க்கும் தாய். வனமாலா அம்மையார் தாயாக நடித்தார். கண்ணீர் சற்று மிகுதி என்பதை மறுப்பதற்கில்லை. எனினும் நீந்த அஞ்சி ஒளியும் மகனைத் தாய் அடித்து அனுப்பும் கட்டத்தில் உபதேசமே இல்லை.

இக்கதையை எழுதியவர் சானே குருஜி. 1933-இல் நாசிக் சிறையிலிருந்து எழுதினார். விடுதலைப் போரில் ஈடுபட்டு அவர் நம் திருச்சிராப்பள்ளிச் சிறையிலும் இருந்தவர். அங்கே என்ன செய்தார் தெரியுமா? தமிழ் கற்றார். திருக்குறளை மராத்தியில் பெயர்த்தார். சிறைச் சுவருக்குள் கிடைத்த தமிழை அவர் விட்டு வைக்கவில்லை. சுவரின்றி வாழும் நாம் அவர் கதையைத் திரையிலேனும் கண்டோமா?

பின்னாளில் வந்தவற்றுள் 2004-இல் வெளியான ‘சுவாஸ்’ ஒன்றைக் குறிப்பிடுவோம். கண்ணில் புற்றுநோய் கண்ட பேரனுக்கு உயிர் பிழைக்க வேண்டின் பார்வை போகும். சிகிச்சைக்கு முன் பாட்டனார் அவனை வெளியே அழைத்துச் சென்று உலகைக் காட்டுகிறார். தேசிய அளவில் சிறந்த படமெனப் பரிசு பெற்றது.

செயற்குழுவினருக்கு ஒரு வேண்டுகோள். வரும் கோடை விடுமுறையில் ஒரு ஞாயிறன்று நம் மண்டபத்தில் ‘சியாம்சி ஆயி’யைத் திரையிடுக. அண்டை வீட்டாரையும் அழைப்போம். விளங்காத இடங்களில் பொருள் சொல்ல, பள்ளியில் மராத்தி பயிலும் நம் குழந்தைகள் இருக்கிறார்கள்.