கைவேலை பொறிக்கு, கருத்துவேலை தமிழர்க்கு!

(தனித்தமிழ் அன்பர் கூட்டமொன்றில் நிகழ்த்தப்பெற்ற சொற்பொழிவு)



தொல்காப்பியர் எழுத்ததிகாரத்தில் அகர ஈற்றுப் புணர்ச்சியை விரித்துரைத்தார். பின்னர் ஆகார ஈற்றுக்கு வந்தவிடத்து முன் கூறிய அனைத்தையும் மறுபடியும் கூறினாரல்லர். இதுவும் அதனைப் போன்றதே என ஒரு நூற்பாவிற் சுட்டிச் சென்றார். முன்னே விளக்கிய ஒன்றைப் பின்னே வருவதன்மேற் செலுத்தும் இம்முறைக்கு மாட்டேறு என்று பெயர். நன்னூலாரும் 32 உத்திகளுள் ஒன்றாக மாட்டெறிந்தொழுகலை வைத்தார். ஒருமுறை செவ்வனே செய்ததையே பன்முறை செய்து காலத்தைப் பாழாக்கலாகாது என்பது தமிழிலக்கணம் என்றோ கண்ட உண்மையாகும்.

இன்று கணிப்பொறியிலும் ஒரு மாட்டேறு உண்டு. ஆங்கிலர் அதனை 'மேக்ரோ' என்பர். நீண்டது, பெரியது எனப் பொருள்படும் கிரேக்கச் சொல்லினின்று வந்தது அது. தமிழில் குறுநிரல் என வழங்குவாருளர். மாட்டுக்கட்டளை என்பது அதனினும் பொருந்துவதாம். பெயரன்று, அதன் செயலே ஈண்டுக் கருதற்பாலது.

ஓர் அச்சகத்துத் தட்டெழுத்தரை எண்ணிப் பாருங்கள். அவர்முன் 300 கோப்புகள் உள்ளன. ஒவ்வொன்றையும் திறத்தல், எழுத்துருவை மாற்றல், ஓரங்களை ஒழுங்குசெய்தல், பக்க எண் இடுதல், சேமித்தல், மூடுதல் என ஆறு செயல்கள். ஆக 1800 முறை அவர் கை ஒரே தடத்தில் ஓடவேண்டும். மாலைக்குள் விரல் சோரும். விரல் சோர்ந்தால் கண் சோரும். கண் சோர்ந்தவிடத்தே பிழை புகும். மாட்டுக்கட்டளை அறிந்தவரோ பதிவை முடுக்கிவிட்டு, முதற் கோப்பில் அவ்வாறு செயல்களையும் ஒருமுறை செய்துகாட்டிப் பதிவை நிறுத்துவார். அழுத்திய விசைகளையும் சுட்டெலியின் சொடுக்குகளையும் பொறி வரிசை மாறாமல் குறித்துக்கொள்ளும். எஞ்சிய 299 கோப்புகளுக்கும் அதனை ஏவுவதே அவர் வேலை.

இது நேற்று முளைத்ததன்று. அமெரிக்காவின் மாசாசூசெட்சு தொழில்நுட்ப நிறுவனத்தில் 1976-இல் இரிச்சர்டு இசுடால்மன் முதலியோர் உருவாக்கிய ஈமாக்சு என்னும் எழுத்துத்திருத்தி இத்தகைய கட்டளைத் தொகுப்புகளினின்றே பிறந்தது. அதன் பெயரிலேயே அச்சொல் ஒளிந்துகிடக்கின்றது. 1990-இல் வெளிவந்த விண்டோசு 3.0, விசையையும் சுட்டெலியையும் பதிவுசெய்யும் கருவியொன்றைத் தன்னுள்ளேயே கொண்டிருந்தது.

ஆயினும் பொறி கண்டதைச் செய்யுமேயன்றிக் கருதியதைச் செய்யாது. சுட்டெலியின் சொடுக்கைப் பதிவுசெய்யும்போது பல கருவிகள் குறித்துக்கொள்வது திரையில் அஃது எவ்விடத்து விழுந்தது என்பதையே. பலகணி சற்று நகர்ந்தாலும் 'சேமி' என்னும் குறிமேல் விழவேண்டிய சொடுக்கு 'அழி' என்பதன்மேல் விழக்கூடும். ஆதலின் சுட்டெலியினும் விசைகளை நம்புதல் நன்று. மைக்ரோசாப்ட்டு வேர்டில் பதிவு நிகழும்போது பனுவற் பகுதியைச் சுட்டெலியால் தெரிந்தெடுக்கவும் இயலாது. விசைகளாலேயே தெரிந்தெடுத்தல் வேண்டும். எதற்கும் முன்னர்க் கோப்புகளுக்கு ஒரு படி எடுத்துவைத்தலும், இரண்டு மூன்று கோப்புகளில் ஆய்ந்து பார்த்தலும் அறிவுடையார் செயலாம்.

இதனாற் தமிழுக்காகும் பணி யாது? பெரும்பணியே காத்திருக்கின்றது. ஒருங்குறியில் தமிழ் 1991-இல் இடம்பெற்றது. தமிழ்நாட்டரசு அதனை 2010-இல் ஏற்றது. அதற்கு முன்னர் எழுத்துருக்கள் பலவும் வெவ்வேறு குறியீடுகளில் இயங்கின. அக்காலத்துத் தட்டெழுதிய நூல்களும் மலர்களும் இன்னும் பலவிடங்களிற் பழைய கோப்புகளாகவே முடங்கிக் கிடக்கின்றன. அவற்றை மாற்றாவிடில், பிறர் திறந்து பார்க்குங்கால் தமிழ் தோன்றாது; பொருளற்ற உரோமன் எழுத்துக் குவியலே தோன்றும்.

தேடி மாற்றும் கட்டளைகளைக் கோவையாக்கி இப்பணியைப் பொறியிடம் ஒப்படைக்கலாம். ஆனால், அக்கோவையை அமைப்பவர்க்கு எழுத்திலக்கணம் தெரிந்திருத்தல் வேண்டும். பழைய எழுத்துருக்களிற் கொம்பு முன்னும் மெய் பின்னுமாக நிற்கும். ஒருங்குறியில் மெய் முன்னும் உயிர்க்குறி பின்னுமாக நிற்கும். 'கொ' என்பதை முதலில் மாற்றாமல் 'கெ' என்பதை மாற்றினால், ஒகரக்குறி ஒரே குறியாக வாராது. கொம்பும் காலும் தனித்தனிக் குறியீடுகளாக நிற்கும். மேலும் பழைய எழுத்துருக்கள் பலவற்றில் ஔகாரக் குறியின் பின்பாதிக்கும் ளகரத்திற்கும் ஒரே வடிவு. அறியாதார் அமைத்த கட்டளை 'வெளியீடு' என்பதன் முதலிரண்டு எழுத்தையும் 'வௌ' எனக் கொண்டு 'வௌியீடு' ஆக்கிவிடுகின்றது. மாற்றப்பெற்ற பனுவல்களில் இப்பிழை இன்றும் மலிந்துள்ளது. மேலோட்டமாகப் பார்க்கும் கண்ணுக்கு அது தப்பிவிடும். 'வெளியீடு' எனத் தேடுவார்க்கோ அந்நூல் கிட்டாது. ஓர் உயிர்மெய்யில் ஓர் உயிரே நிற்கும். ஆதலின் அவ்வடிவையடுத்துப் புள்ளியோ உயிர்க்குறியோ வரின் அது ளகரமே என்னும் நெறியைச் சேர்த்தால் இப்பிழை நீங்கும். நெறியைத் தருபவர் தமிழறிந்தார், நிறைவேற்றுவது பொறி.

தனித்தமிழ் அன்பர்கள் சிலர்க்கு ஓர் ஆசை எழலாம். வடசொற்களையெல்லாம் ஒரே கட்டளையால் மாற்றிவிட்டால் என்ன? 'வருடம்' என்பதை 'ஆண்டு' என மாற்றச் சொல்லிப் பாருங்கள். 'ஒரு வருடம்' என்பது 'ஒரு ஆண்டு' ஆகும். 'ஓர் ஆண்டு' ஆகாது. 'வருடத்தில்' என்பதைப் பொறி தொடவே தொடாது. அங்கு மகரம் கெட்டு அத்துச்சாரியை வந்துள்ளதன்றோ! அதையும் பிடிக்க எண்ணி 'வருட' என்பதை மாற்றச் சொன்னால் 'ஆண்டுத்தில்' என்னும் ஊனச்சொல் பிறக்கும். அதனினும் கேடு ஒன்று உண்டு. தாய் மகவின் தலையை வருட, மகவு உறங்கிற்று என்று ஒருவர் நல்ல தமிழில் எழுதியிருப்பார். பொறி அதனைத் 'தாய் மகவின் தலையை ஆண்டு' என மாற்றிவைக்கும்! வடசொல்லை விரட்டப்போய்த் தென்சொல்லை வெட்டியதாக முடியும்.

எனவே, பொறி சொற்களைத் தேடிக் காட்டட்டும். மாற்றுவதா விடுவதா என்பதை மாந்தரே முடிவுசெய்யட்டும். மறைமலையடிகள் 1916-இல் தொடங்கிய தூய்மைப் பணி ஒவ்வொரு சொல்லையும் எண்ணி எழுதும் பணியாகும். எண்ணாமல் எழுதும் பணியன்று.

மற்றுமொரு விழிப்பும் வேண்டும். முன்பின் அறியாதார் விடுக்கும் மாட்டுக்கட்டளையை இயக்கலாகாது. 1995-இல் 'கான்செப்ட்டு' என்னும் நச்சுநிரல் வேர்டு ஆவணங்களின் மாட்டுக்கட்டளை வழியாகவே பரவிற்று. இணையத்தினின்று வரும் ஆவணங்களில் இக்கட்டளைகள் தாமே இயங்காதவாறு 2022-இல் மைக்ரோசாப்ட்டு தடுக்கத் தொடங்கியதற்கும் இத்தகைய தீங்குகளே கரணியம்.

தமிழ் இளைஞர்களே! 1800 முறை ஒரே விசையை அழுத்துவது தமிழ்த்தொண்டு ஆகாது. அவ்வேலையைப் பொறியின் தோளில் ஏற்றுங்கள். மிஞ்சும் பொழுதில் இலக்கணம் கற்றுப் பிழை களையுங்கள். முடங்கிக் கிடக்கும் பழைய கோப்புகளை மீட்டெடுங்கள். கணிப்பொறி அறிந்தவர் தமிழ் கற்கவேண்டும். தமிழ் கற்றவர் கணிப்பொறி அறியவேண்டும். இவ்விருவரும் ஒருவராகும் நாளே தமிழ் தலைநிமிரும் நாள்!

வெல்க தமிழ்!