நிலையம் யாருக்காக?

(சுன்னாகத்தில் கமக்காரரும் உத்தியோகத்தரும் கூடிய பொதுக்கூட்டத்தில் சட்டத்தரணி ஒருவர் ஆற்றிய உரை)



யாழ்ப்பாணப் புகையிரத நிலையத்தை விரிவாக்குவதாயினும், நகருக்குப் புதிய நிலையம் ஒன்றை அமைப்பதாயினும், அத்திட்டம் எவ்வாறு அமைய வேண்டும் என்பது பற்றிச் சில வார்த்தைகள் கூற விரும்புகிறேன். கட்டடம் எழுந்த பின் குறை கூறிப் பயனில்லை. வரைபடம் மேசையில் இருக்கும்போதே நம் குரல் ஒலிக்க வேண்டும்.

இப்பாதையின் வரலாற்றை நீங்கள் அறிவீர்கள். 1902 மார்ச்சில் காங்கேசன்துறைக்கும் சாவகச்சேரிக்கும் இடையே வண்டி ஓடத் தொடங்கியது. 1905 ஓகஸ்டில் கொழும்புடன் தொடர்பு ஏற்பட்டது. 1956 ஏப்ரலில் யாழ்தேவி புறப்பட்டாள். 1990 ஜூனில் எல்லாம் நின்றன. தண்டவாளமும் சிலிப்பர்க் கட்டையும் பெயர்த்தெடுக்கப்பட்டன. நிலையம் பாழாய்க் கிடந்தது. இந்தியாவின் கடனுதவியோடு பாதை மீண்டும் இடப்பட்டு, 2014 ஒக்டோபர் 13இல் வண்டி யாழ்ப்பாணம் வந்தது. இருபத்துநான்கு ஆண்டுகள்! ஒரு தலைமுறையே புகையிரதத்தின் ஓசையைக் கேளாமல் வளர்ந்தது.

வண்டி வந்தது, மகிழ்ந்தோம். ஆனால் அழகிய முகப்பு மட்டும் நிலையமாகிவிடுமா? மூன்று தேவைகளை உங்கள் முன் வைக்கிறேன்.

முதலாவது, கமக்காரனின் தேவை. வலிகாமத்துச் செம்மண்ணில் விளையும் வெங்காயமும் வாழைக்குலையும் இன்று பெரும்பாலும் லொறியிலேயே தெற்கே செல்கின்றன. வாடகை உயர்ந்தால் அந்தச் சுமை விளைவித்தவன் தலையிலேயே விழுகிறது. பொருள்களை நிறுத்து, நிழலில் வைத்து, அன்றிரவே ஏற்றியனுப்பும் வசதி திட்டத்தில் இருக்க வேண்டும்.

இரண்டாவது, பஸ் தொடர்பு. வடமராட்சிக்குத் தண்டவாளமே இல்லை, தீவகத்துக்கும் இல்லை. பருத்தித்துறையாரும் வேலணையாரும் நகருக்கு வந்தே வண்டியேற வேண்டும். பஸ் நிலையம் ஓரிடம், புகையிரத நிலையம் வேறோரிடம் என்றிருந்தால் மூட்டையோடும் முதியோரோடும் வருகிறவர் என்ன செய்வார்? சென்னையைப் பாருங்கள். 2023 டிசம்பர் 30ஆம் நாள் கிளாம்பாக்கத்தில் மாபெரும் பஸ் நிலையம் திறக்கப்பட்டது. அன்று அதனருகே புகைவண்டி நிலையம் இல்லை. பயணிகள் பட்ட சிரமம் யாவரும் அறிந்ததே. இரண்டையும் ஒன்றாகத் திட்டமிடாத பெருநகருக்கே அந்நிலை என்றால், நாம் எச்சரிக்கையாக இருக்க வேண்டாமா?

மூன்றாவது, உயிர். பாதுகாப்பற்ற கடவைகளில் நம்மவர் பலர் மாண்டிருக்கின்றனர். வண்டிகளைக் கூட்டுமுன் கடவைகளுக்குக் காவலும் தடையும் அமைக்க வேண்டும். கடவையைக் கணக்கிலெடுக்காத நிலையத் திட்டம் அரைகுறைத் திட்டமே.

இனிச் சட்டத்துக்கு வருகிறேன். நிலையம் விரிந்தால் காணி வேண்டும். காணி தேவைப்படலாம் என்ற அறிவித்தலைத் தமிழ், சிங்களம், ஆங்கிலம் ஆகிய மும்மொழியிலும் காட்சிக்கு வைக்க வேண்டும் என்பது 1950ஆம் ஆண்டின் காணி சுவீகரிப்புச் சட்டத்தின் 2ஆம் பிரிவு. எழுத்தில் ஆட்சேபம் தெரிவிக்கும் உரிமையை 4ஆம் பிரிவு தருகிறது. ஆனால் 38ஆம் பிரிவின் காப்புவாசகமோ, அவசரம் என்று கூறி உடனே காணியைக் கையேற்க இடமளிக்கிறது. இருபத்துநான்கு ஆண்டுகள் காத்திருந்த மக்களிடம் கருத்துக் கேட்க மட்டும் நேரமில்லை என்று எவரும் சொல்ல முடியாது!

அறிவித்தல் ஒட்டப்பட்டால் படியுங்கள். உறுதிகளை ஒழுங்காக வைத்திருங்கள். ஆட்சேபத்தைக் குறித்த தவணைக்குள் எழுத்தில் கொடுங்கள். வாய்ச்சொல் கோவையில் ஏறாது. கற்றவர்கள் அயலவருக்கு எழுதிக் கொடுங்கள். நாம் அபிவிருத்திக்கு எதிரிகள் அல்லர். எங்களுக்காகக் கட்டுவதை எங்களைக் கேட்டுக் கட்டுங்கள் என்கிறோம். அது சலுகையன்று, உரிமை.